லெஸ் பிளாங்க்: அடுப்படிக்குள் நுழையும் கேமரா

ஒரு வட்டாரத்து மக்களைப் படமெடுக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் அவர்களின் பிரச்சினைகளிலிருந்துதான் தொடங்குகிறார்கள். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்க் (1935–2013) அம்மக்கள் சமைப்பதிலிருந்தும் பாடுவதிலிருந்தும் தொடங்கினார். எனக்கு அவரை இத்தனை பிடித்துப்போனதற்கு அதுவே காரணம். நிறுவனங்களுக்குத் தொழில்துறைப் படங்கள் எடுத்துப் பிழைத்துவந்தவர், 1967இல் ஃபிளவர் ஃபிலிம்ஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கி, 16 மி.மீ. கேமராவும் மிகச் சிறிய குழுவுமாக டெக்சாஸ், லூசியானா பகுதிகளில் சுற்றத் தொடங்கினார். பல படங்களில் கேமராவை அவரே இயக்க, ஒலிப்பதிவையும் படத்தொகுப்பையும் மோரீன் காஸ்லிங் பார்த்துக்கொண்டார்.

லூசியானாவில் வாழும், பிரெஞ்சு வம்சாவளியினரான கேஜன் மக்களைப் பற்றிய அவருடைய 1971ஆம் ஆண்டுப் படத்தில், ஒருவர் குறடு ஒன்றை எடுத்துத் தன் பல்லைத் தானே பிடுங்கிக்கொள்கிறார். இதை வேடிக்கையாகவோ பரிதாபமாகவோ காட்டிவிடுவது எளிது. பிளாங்க் இரண்டையும் செய்யவில்லை. வலியைப் பெரிதுபடுத்தாத ஒரு மனிதரின் அன்றாடக் காரியமாகவே அது வந்துபோகிறது.

அவருடைய படங்களில் நான் மிகவும் மதிப்பது, ஆர்ஹூலி இசைத்தட்டு நிறுவனத்தின் கிறிஸ் ஸ்ட்ராக்விட்ஸுடன் சேர்ந்து அவர் உருவாக்கிய ‘சூலாஸ் ஃப்ரொந்தேராஸ்’ (1976). டெக்சாஸ்–மெக்சிகோ எல்லையோரத்து இசையைப் பற்றியது. அக்கார்டியனை முதன்மையாகக் கொண்ட கொன்ஹுந்தோ இசையின் தந்தை என்று போற்றப்படும் நார்சிசோ மார்த்தினெஸ், பிழைப்புக்காக ஓர் உயிரியல் பூங்காவில் விலங்குகளைப் பராமரிப்பதை அதில் பார்க்கிறோம். பின்னணிக் குரல் எதுவும் குறுக்கிட்டு நம்மை வருந்தச் சொல்வதில்லை. பாடகி லிடியா மெந்தோசா தமாலே செய்யும் காட்சியும் உண்டு. பனையோலைக் கொழுக்கட்டைபோல, மக்காச்சோள மாவை அதன் மடலிலேயே பொதிந்து ஆவியில் வேகவைக்கும் பண்டம் அது. பாட்டுக்குக் கொடுக்கும் அதே நேரத்தையும் கவனத்தையும் அந்தச் சமையலுக்கும் பிளாங்க் கொடுக்கிறார். பண்பாடு மேடையில் மட்டும் இருப்பதில்லை என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டிய படத்தை நான் பார்த்ததில்லை. 1993இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அது சேர்க்கப்பட்டது.

பூண்டைப் பற்றி 1980இல் ஒரு முழுப் படமே எடுத்தார். அது திரையிடப்படும்போது அரங்கத்தின் பின்புறம் பூண்டை வாட்டி, பார்வையாளர்களுக்கு வாசனை எட்டும்படி செய்வார்.

ஜெர்மன் திரைப்பட இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் அமேசான் காட்டில் ஒரு கப்பலை மலைமேல் இழுத்த படப்பிடிப்பைப் பதிவுசெய்த ‘பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்’ (1982) படத்தால்தான் உலகம் பிளாங்கை அதிகம் அறிந்திருக்கிறது. சிறிய படங்கள் அதைவிட மேலானவை என்பது என் கருத்து. ஆனால் அங்கும் அவர் கண் மாறவில்லை. கப்பலும் சேறும் ஹெர்சாக்கின் ஆவேசமும் எதிரே இருக்க, மரவள்ளிக் கிழங்கை மென்று உமிழ்ந்து மசாத்தோ என்னும் புளித்த பானம் தயாரிக்கும் பழங்குடிப் பெண்களிடம் சென்று, அவர்கள் அதைச் செய்யும் விதத்தை நிதானமாகப் படம்பிடித்திருக்கிறார்.