கடலுக்கடியில ஒரு முனி

ஹட்டன் பக்கத்து தேயிலைத் தோட்ட லயத்துல வளர்ற பிள்ளை பேய்க்கதை எழுதினா கடலுக்குப் போகும்னு யார் கண்டது? அக்கா மகன் எழுதியிருக்கான். இலங்கைக்குத் தெற்கே கடலடியில ஒரு முனி குந்தியிருக்காம். அது மூச்சை இழுக்கிறப்போ கடல் பள்ளமாகி, மேலே போற கப்பல்ல மணிக்கூடெல்லாம் நின்னுடுமாம். நம்ம தேயிலை பெக்டரியில மெஷினுக்குக் காவலா சேவல் வெட்டிக் கும்பிடுற ரோதை முனிக்கு அண்ணன் முறையாம்!

முனி கற்பனை. பள்ளம் நிஜம், அது அவனுக்கே தெரியாது. நம்ம தீவுக்குத் தெற்கே இந்து சமுத்திரத்தில புவியீர்ப்பு கொஞ்சம் குறைவு. தண்ணியை இழுத்துப் பிடிக்க ஆளில்லாததால, அலையைக் கழிச்சுப் பார்த்தா கடல்மட்டம் கணக்குப்படி இருக்கவேண்டியதைவிட 100 மீட்டருக்கு மேல தாழ்வு. சரிவு ரொம்ப அகலம், கப்பல்ல போறவங்களுக்கு ஒண்ணும் தெரியாது. ஆப்பிரிக்கப் பக்கமிருந்து பூமிக்குள்ள மேலெழும் சூடான, அடர்த்தி குறைஞ்ச பாறைதான் காரணமா இருக்கலாம்னு 2023இல பெங்களூரு இந்திய அறிவியல் கழக ஆய்வாளர்கள் எழுதினாங்க.

"டேய், இழுக்கிற முனி இல்லடா, இழுக்கத் தெம்பில்லாத முனி"ன்னேன்.

"அப்போ அதுக்குப் பசி மாமா. யாரும் சேவல் வெட்டல"ங்கிறான்.