வெள்ளைப் பசையில் ஒரு தீபாவளித் தட்டு

முறுக்கும் அதிரசமும் வைத்து வருகிறவர்களுக்கு நீட்ட, சாதா மரத்தட்டு ஒன்றை எடுத்து டெக்குபாஜ் செய்தேன், அதாவது காகிதப் படத்தை ஒட்டி, மேலே பூச்சு கொடுத்து அலங்கரித்தேன். இதற்கென்றே வரும் மாட் பாஜ் போன்ற பசைகள் இங்கே சிங்கப்பூரில் பிராஸ் பாசா காம்ப்ளெக்ஸ் கடைகள் பக்கம் போனால் கிடைக்கும். ஆனால் பிள்ளைகளின் பள்ளி வேலைக்கு வாங்கிய வெள்ளைப் பசை வீட்டிலேயே இருந்தது. பிவிஏ என்று பாட்டிலில் போட்டிருக்குமே, அதுதான். காகிதத்தை மரத்தில் ஒட்ட அது தாராளமாகப் போதும். கழுவினால் போய்விடும் என்று விற்கும் சிறுபிள்ளைப் பசையை மட்டும் தவிர்த்துவிடுங்கள்.

படத்துக்குத் தாமரை போட்ட பேப்பர் நாப்கின். அதில் இரண்டு மூன்று அடுக்கு இருக்கும். அச்சடித்த மேல் அடுக்கு மட்டும்தான் நமக்கு வேண்டும். நகத்தால் சுரண்டிக்கொண்டிருக்காமல், மூலையில் இரண்டு பக்கமும் செல்லோடேப் ஒட்டி எதிரெதிராக இழுத்தால் அழகாகப் பிரிந்துவிடுகிறது. தட்டுக்கு முதலில் வெள்ளைப் பெயின்ட் அடித்துக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் அந்த மெல்லிய தாள் வழியாக மரத்தின் நிறம் தெரியும்.

ஈரப் பசையில் நாப்கினை வைத்தால் சுருங்கும், கொஞ்சம் இழுத்தால் கிழியும். அதனால் தட்டின் நடுப்பகுதிக்கு இஸ்திரிப் பெட்டியை எடுத்தேன். பசையைச் சீராகத் தடவி, நன்றாகக் காயவிட்டு, மேலே நாப்கின், அதற்கு மேல் கேக் சுடப் பயன்படுத்தும் பேக்கிங் தாள், மிதமான சூட்டில் ஒரு தேய்ப்பு. காய்ந்த பிவிஏ சூட்டில் இளகி மறுபடி பிடித்துக்கொள்ளும். ஒரு சுருக்கம்கூட இல்லை. இஸ்திரி போகாத விளிம்புகளுக்கு, இரண்டு பங்கு பசைக்கு ஒரு பங்கு தண்ணீர் கலந்து, மெல்லிய தூரிகையால் நடுவிலிருந்து வெளிப்பக்கமாகத் தடவினேன். தடவும்போது பால்போல் வெள்ளையாகத் தெரியும். பயப்பட வேண்டாம், காய்ந்தால் தெளிந்துவிடும்.

காய்வதுதான் நம் ஊரில் பெரிய வேலை. சிங்கப்பூரில் விடியற்காலைக் காற்றின் ஈரப்பதம் 90 விழுக்காட்டைத் தாண்டுவது சாதாரணம். அக்டோபர், நவம்பரில் பிற்பகல் இடிமழை வேறு. சன்னலோரம் வைத்த தட்டு தொட்டால் காய்ந்த மாதிரி இருக்கும், விரலை அழுத்தி எடுத்தால் லேசாக ஒட்டும். குளிர்சாதனத்தை ‘டிரை’யில் போட்டு அறைக்குள் வைத்த பிறகுதான் இறுகியது. ஒவ்வொரு பூச்சையும் மெல்லியதாகப் பூசுவது நல்லது. தடித்தால் உள்ளே ஈரம் தங்கிவிடும்.

அண்ணி தட்டைத் தடவிப் பார்த்துவிட்டு, “இதுல முறுக்கு வெச்சா தட்டோட ஒட்டிக்கும்ல?” என்று கேட்டார். நியாயமான கேள்வி. பிவிஏ காய்ந்த பிறகும் தண்ணீர் பட்டால் வெளுக்கும், புழுக்கத்தில் பிசுபிசுக்கும், மேலே கனமாக எதையாவது வைத்தால் அதோடு ஒட்டிக்கொள்ளும். வெள்ளைப் பசையையே மேல்பூச்சாகவும் விட்டுவிடலாம் என்று சொல்கிறவர்கள் வறண்ட ஊர்க்காரர்களாக இருக்க வேண்டும்! செலவு செய்வதென்றால் இந்த இடத்தில் செய்யுங்கள். தண்ணீர் அடிப்படையிலான பாலியூரித்தேன் வார்னிஷ் ஒரு சின்ன டப்பா வாங்கி, மெல்லிய பூச்சுகளாகப் பூசினேன். நடுநடுவே 400 எண் உப்புத்தாளால் லேசாக ஒரு தேய்ப்பு. தொட்டால் காய்ந்திருந்தாலும் முழுதாக இறுகச் சில வாரம் ஆகும். ஆகவே பண்டிகைக்கு முந்தின நாள் தொடங்குகிற வேலை இல்லை இது.

அப்படியும் பலகாரத்தை நேராக வைக்கவில்லை. கிண்ணத்தில் வைத்துத்தான் தட்டில் வைத்தேன். அகல் விளக்கு அதில் வேண்டவே வேண்டாம். துடைப்பதற்கு ஈரத்துணி போதும், சிங்கில் ஊறப்போடக் கூடாது.

அண்ணிக்கு இப்போது குடும்பப் படம் போட்ட தட்டு வேண்டுமாம். வீட்டு இங்க்ஜெட் பிரின்டரில் எடுத்த படத்தில் பசை பட்டால் மை கரைந்து ஓடும். லேசர் பிரின்ட் எடுத்து வரச் சொல்லியிருக்கிறேன்.