உள்ளங்கையில் ஒரு மூச்சு

உள்ளங்கையை வாய்க்குப் பக்கத்தில் வைத்து, வாயை நன்றாகத் திறந்து 'ஹா' என்று ஊதிப் பாருங்கள். வெதுவெதுப்பாக இருக்கும். அப்புறம் உதட்டைக் குவித்து ஊதுங்கள். சில்லென்று இருக்கும். மூச்சு ஒன்றுதான்.

கி.மு. 6ஆம் நூற்றாண்டில் அனாக்சிமெனிஸ் என்ற கிரேக்கச் சிந்தனையாளர் இதை வைத்து உலகத்தையே யோசித்தார். எல்லாவற்றுக்கும் மூலம் காற்று. தளர்ந்தால் நெருப்பு, இறுக இறுக மேகம், தண்ணீர், மண், கல். காற்று இறுகுவதால்தான் குளிர்கிறது என்றார்; அந்தக் காரணம் தவறு. குவித்து ஊதும்போது வேகமான மூச்சு அக்கம்பக்கத்துக் காற்றையும் இழுத்து வருவதால்தான் சில்லிடுகிறது. ஆனாலும் கைக்கெட்டும் ஒன்றிலிருந்து தொடங்கினார் பாருங்கள், அது எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

அவர் ஊர் மிலேட்டஸ், இன்றைய துருக்கியின் மேற்குக் கரைப் பக்கம். அவருக்கு முன் ஹெசியோட் என்ற கிரேக்கக் கவிஞர் உலகம் பிறந்ததைப் பாடியது வேறு: முதலில் கேயாஸ் என்ற வெறும் பிளவு, பிறகு பூமித்தாய், அப்புறம் தெய்வங்களின் வம்சம். மிலேட்டஸ்காரர்கள் தெய்வங்களின் கதையை விட்டுவிட்டுப் பொருளைத் தேடினார்கள். அவர்களில் ஒருவரான தேலீஸ், மூலம் தண்ணீர் என்றார்.

என் மனம் நிற்பது அதே ஊர்க்காரரான அனாக்சிமாண்டரிடம். மூலம் தண்ணீர் போன்ற எந்தப் பொருளும் அல்ல, அது எல்லையற்றது என்றார். பூமி ஒரு தூண்துண்டு போல, அகலத்தில் மூன்றில் ஒரு பங்கு கனம். எதன் மேலும் உட்காரவில்லை. எல்லாப் பக்கமும் சம தூரம் என்பதால் எந்தப் பக்கமும் விழ வேண்டியதில்லை! தொலைநோக்கி இல்லாத காலத்தில் இதை நினைத்துப் பார்க்க எவ்வளவு துணிச்சல் வேண்டும்.

அவர் எழுதியதில் ஏறக்குறைய ஒரு வாக்கியம்தான் மிச்சம். அதுவும் சுமார் 1,000 வருடம் கழித்து சிம்ப்ளீசியஸ் என்ற உரையாசிரியர் எடுத்தெழுதி வைத்ததால்.