கிராஃபிஸ் சீவல்: என்னை ஏமாற்றிய எண்ணெய்த் துளிகள்

மூன்று வாரமாக ஒரே ஒரு சுள்ளியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன், நேற்று ராத்திரிதான் வழிக்கு வந்தது. கீழே விழுந்து கிடந்த கிளையிலிருந்து ஒடித்தது. அதன் பட்டையில் ஒரு லைக்கன் (பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழும் உயிரி): சாம்பல் வெள்ளைத் தாலஸ், அதாவது அதன் உடல், அதன் மேல் யாரோ மைப்பேனாவால் கிறுக்கிவிட்டுப் போன மாதிரி கிளை பிரிந்த கறுப்புக் கோடுகள். பார்த்தால் கிராஃபிஸ் பேரினம்தான், ஆனாலும் ஸ்போரை (அந்தக் கோடுகளுக்குள் உருவாகும் வித்துத் துகள்) பார்க்காமல் அப்படிச் சொல்லக் கூடாது என்று ஏற்கெனவே ஒரு முறை பட்டுத் தெரிந்துகொண்டேன். (மரப்பட்டையில் கறுப்புக் கோடு தெரிந்தால் போதும், ‘கிராஃபிஸ் ஸ்கிரிப்டா’ என்று சேகரித்த துண்டைப் போட்டு வைக்கும் உறையில் எழுதிவிடுகிறவர்கள் கொஞ்சம் பொறுக்கவும். அது மிதவெப்ப நாட்டு ஆள், வெப்பமண்டலக் காட்டில் அதைத் தேட வேண்டாம்.)

என் கையில் இருக்கும் கீ (கேள்வி கேள்வியாகப் போய் இனத்தைக் கண்டுபிடிக்கும் பட்டியல்) 2009இல் லூக்கிங், ஆர்ச்சர், ஆப்ட்ரூட் மூவரும் போட்டது. 300க்கு மேல் இனங்கள். கோட்டின் உதட்டில் வரி உண்டா, சுவர் பக்கத்தில் மட்டும் கரியாகக் கறுத்திருக்கிறதா அடியிலும் அப்படியா, ஹைமீனியம் (ஸ்போர் உருவாகும் உள்படலம்) தெளிவா எண்ணெய்த் துளியோடு இருக்கிறதா என்று வரிசையாகக் கேட்கும். உதட்டை லென்ஸிலேயே பார்த்துவிடலாம். மற்றதற்கெல்லாம் சீவியே ஆக வேண்டும்.

அந்தச் சீவலில்தான் என் உயிர் போனது. காய்ந்த கோட்டை அப்படியே வெட்டினால் கரிச்சுவர் அடுப்புக்கரி மாதிரி பொடிந்துவிடுகிறது. ஊற வைத்தால் பட்டை உப்பி, கோடு மொத்தமும் கழன்று பிளேடோடு போய்விடுகிறது. ஒரு சொட்டுத் தண்ணீர், ஒரு நிமிடம், உடனே வெட்டு, இதுதான் எனக்கு ஒத்துவந்தது. நெட்டிக்குள் செருகி வெட்டுவதெல்லாம் இலைக்குச் சரி, இதற்கு ஆகாது. பிளேடை உறையோடு நீளவாக்கில் இரண்டாக ஒடித்து, இடது ஆள்காட்டி விரல் நகத்தைக் கோட்டுக்குக் குறுக்கே அணைத்து வைத்து, நகத்தை ஒரு மயிரிழை பின்னால் இழுத்து ஒரு சீவல், மறுபடி இழுத்து இன்னொன்று. இருபது போட்டால் இரண்டு தேறும். கோட்டின் நுனியில் வெட்டவே கூடாது. அங்கே பக்கச் சுவரே வளைந்து வந்து மூடுவதால் அடியிலும் கரி இருப்பது போலத் தெரியும். முதல் வாரம் முழுக்க அந்தக் கூத்துதான். நடுவில், செங்குத்தாக வெட்டிய பிறகுதான் பக்கம் இரண்டும் கறுப்பு, அடி திறந்து கிடக்கிறது என்று தெரிந்தது.

அப்புறம் எண்ணெய்க்கு வருகிறேன். ஹைமீனியம் முழுக்கப் பளபளவென்று துளிகள், ஒவ்வொரு சீவலிலும். சரி, துளி உள்ள வகை என்று எழுதிக்கொண்டு கீயின் அந்தக் கிளையில் இரண்டு வாரம் அலைந்தேன், எந்த இனமும் பொருந்தவில்லை. நேற்று தற்செயலாக ஸ்லைடை நகர்த்தும்போது, சீவலை விட்டு வெகுதூரத்தில் வெறும் தண்ணீரிலும் அதே துளிகள் மிதக்கின்றன. புது பிளேடு. துரு பிடிக்காமல் இருக்க அதில் பூசியிருந்த எண்ணெய்! ஸ்பிரிட்டில் பஞ்சை நனைத்து இரண்டு பக்கமும் துடைத்துவிட்டு வெட்டினேன், ஹைமீனியம் கண்ணாடி மாதிரி. எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

அதற்கப்புறம் எல்லாம் மளமளவென்று நடந்தது. லூகால் கரைசலை (அயோடின் கரைசல்) ஓரத்தில் விட்டதும் நிறமில்லாத ஸ்போர்கள் ஊதாவாக மாறின, உள்ளறைகள் ஒவ்வொன்றும் சின்ன லென்ஸ் வடிவத்தில் வரிசையாக. (காயத்துக்குப் போடும் அயோடின் மருந்தை வைத்து ஒப்பேற்றப் பார்க்காதீர்கள், நான் பார்த்தேன், பழுப்புச் சேறுதான் மிஞ்சியது.) இன்னொரு சீவலில் பொட்டாசியம் ஹைட்ராக்சைடு: முதலில் மஞ்சள் கசிந்தது, கொஞ்ச நேரத்தில் சிவப்பு ஊசிகளாகப் படிகம் கட்டியது. நார்ஸ்டிக்டிக் அமிலம், லைக்கன்கள் உண்டாக்கும் ஒரு வேதிப்பொருள். இந்த ஊசிகளுக்காகவே ஒரு நல்ல கேமரா அடாப்டர் வேண்டும், போன தடவை வரவழைத்தது ஐபீஸில் உட்காரவே இல்லை, விற்றவர் திரும்ப எடுத்துக்கொள்ளவும் இல்லை. கவர்ஸ்லிப்பும் அவரிடம்தான் வாங்கினேன், பாதி ஒன்றோடொன்று ஒட்டிப்போய் வந்தது. இனி அந்தப் பக்கம் போவதாக இல்லை.

2018இல் கிராஃபிஸிலிருந்து ஒரு கூட்டத்தை அல்லோகிராஃபா என்று பிரித்துவிட்டார்கள், பெரும்பாலும் கோடு தடித்து ஸ்போர் பெரிதாக இருப்பவை. என்னுடையது ஒல்லி, அதனால் அந்தப் பக்கம் போகாது என்று நினைக்கிறேன். ஸ்போர் இதுவரை 7 அளந்திருக்கிறேன், 20 ஆனதும் பெயர் போடலாம். அடுத்ததாக 365 நானோமீட்டர் புற ஊதா விளக்கில் மஞ்சளாக ஒளிர்கிற ஒரு துண்டு காத்திருக்கிறது, லைக்கெக்சாந்தோன் என்ற இன்னொரு லைக்கன் வேதிப்பொருளாக இருக்க வேண்டும்.

ஆனால் அதற்கு முன்னால் ஒரு வேலை. இதே பிளேடுப் பொட்டலத்தில் வெட்டிய நான்கு பழைய உறைகளில் ‘ஹைமீனியத்தில் துளி உண்டு’ என்று பேனாவில் எழுதி வைத்திருக்கிறேன். நான்கையும் மறுபடி வெட்டிப் பார்க்க வேண்டும்.