ஹாக்வார்ட்ஸ் உணவுக்கூடத்தின் கல் தரை

குழந்தைகள் படத்துக்கு செட் போடப்போகிறவர்கள் ஹாரி பாட்டர் படங்களின் அரங்க வடிவமைப்பாளர் ஸ்டூவர்ட் கிரெய்க்கின் வேலையைத் தரையிலிருந்து படிக்கத் தொடங்கலாம்.

ஹாரி பாட்டர் முதல் படத்துக்காக லண்டனுக்கு வெளியே லீவ்ஸ்டனில் அவர் எழுப்பிய, ஹாக்வார்ட்ஸ் மந்திரப் பள்ளியின் உணவுக்கூடம் 120 அடி நீளம், 40 அடி அகலம். செட் தரை என்றால் பொதுவாக ஒட்டுப்பலகை அடித்து மேலே கல் மாதிரி பெயின்ட் அடிப்பார்கள். நூற்றுக்கணக்கான பிள்ளைகள் நாள் முழுக்க நடந்தால் அந்தப் பெயின்ட் உரியும். பலகை 'டொம் டொம்' என்று சத்தம் போட்டு வசனப் பதிவைக் கெடுக்கும். கிரெய்க் நிஜமான யார்க் கல்லையே (இங்கிலாந்தின் ஒருவகை மணற்கல்) பதித்தார். முதலில் செலவுதான். ஆனால் அந்தத் தரை எட்டுப் படங்களுக்கும், ஏறக்குறைய பத்து ஆண்டுகள், தாங்கியது.

கட்டுவதற்கு முன் செய்தவை: பென்சில் ஓவியம், அளவு வரைபடம், வெள்ளை அட்டையில் செய்த சின்ன மாதிரி. அட்டை மாதிரியைத் தவிர்க்கவே கூடாது என்பேன். கேமரா எங்கே நிற்கும், எந்தச் சுவரைக் கழற்ற வேண்டும் என்பதெல்லாம் அங்கேயே தெரிந்துவிடும். ஆணி அடித்த பிறகு தெரிந்தால் பணம் போச்சு.

தவறுகளும் நடந்தன. மிதக்கும் மெழுகுவர்த்திகளை முதலில் நிஜ நெருப்போடு கம்பியில் தொங்கவிட்டார்கள். சுடர் பட்டுக் கம்பி அறுந்தது. கீழே பிள்ளைகள் உட்காரும் இடம். அதோடு கணினி வரைகலைக்கு மாறினார்கள். முதல் படத்து விருந்தில் வைத்த நிஜச் சாப்பாடு விளக்குச் சூட்டில் நாற்றமெடுத்தது. பின்னாளில் நிஜப் பண்டங்களை அச்செடுத்து ரெசினில் வார்த்துக்கொண்டார்கள்.

பள்ளித் தலைமையாசிரியர் டம்பிள்டோர் அறையின் அலமாரிப் புத்தகங்களில் பல, தோல் அட்டை போட்ட பழைய டெலிபோன் டைரக்டரிகள். அரங்கப் பொருள்களைப் பார்த்துக்கொண்டவர் ஸ்டெஃபனி மெக்மில்லன். எட்டுப் படங்களிலும் அவர்தான்.

கிரெய்க் இதற்கு முன்பே 'காந்தி' உட்பட மூன்று படங்களுக்கு ஆஸ்கர் வாங்கியவர். வரலாற்றுப் படத்துக்குக் காட்டிய அதே கண்டிப்பை மந்திரப் பள்ளிக்கும் காட்டினார். கூடத்துக்கு ஆக்ஸ்ஃபோர்டின் கிறைஸ்ட் சர்ச் கல்லூரி முன்மாதிரி. ஹாக்வார்ட்ஸ் கோட்டையை இருபத்து நாலில் ஒரு பங்கு அளவில் (1:24) செய்த மாதிரியில், இங்கிலாந்தின் ஆல்ன்விக் கோட்டையின் பகுதிகளும் டர்ஹம் தேவாலயத்தின் பகுதிகளும் இடம்பெற்றன. அந்த இரண்டு நிஜ இடங்களிலும் எடுத்த காட்சிகள் அதனால் ஒட்டுத் தெரியாமல் பொருந்தின.