தரையைப் படிக்கும் கண்: படப்பிடிப்பு நாட்குறிப்பு

ஜனவரி 6

இருளர்களின் பாம்புபிடி வேலையைப் படமெடுக்க வருகிறவர்கள் பெரும்பாலும் நல்ல பாம்பு படமெடுக்கும் ஷாட்டைத்தான் தேடுகிறார்கள். உண்மையான திறமை அதற்கு முன்னாலேயே முடிந்துவிடுகிறது. மணலில் தடம், வளை வாயில் எச்சம், முள்ளில் சிக்கிய பாம்புச் சட்டை என்று தரையைப் பார்த்தே உள்ளே இருப்பது என்ன பாம்பு என்று சொல்லிவிடுகிறார்கள்.

தடம் காலை ஏழு மணி வாக்கில் சாய்வெயிலில்தான் தெளிவாகத் தெரியும். வெயில் உச்சிக்கு ஏறினால் நிழல் விழாது, தடமும் கேமராவுக்குத் தட்டையாகிவிடும். சூரியனுக்கு எதிரே, தரையிலிருந்து ஒரு முழ உயரத்தில் கேமராவை வைக்க வேண்டும். சுருட்டை விரியன் பக்கவாட்டில் நகர்வதால் அதன் தடம் தனித்தனிச் சாய்கோடுகளாக விழும். அந்தக் கோடுகள் மேல் பாம்பு பிடிக்கும் இருளர் பெரியவரின் விரல் நகர்வது ஒரே ஷாட்டில் வர வேண்டும். வெட்டினால் அவர் படிப்பது தெரியாது.

ஜனவரி 9

வளையைத் தோண்டக் கடப்பாரை மண்ணில் இறங்க ஆரம்பித்ததும் யாரும் நடக்கக் கூடாது. காலடி அதிர்ந்தால் பாம்பு இன்னும் உள்ளே போய்விடும். கேமராவுக்கு ஒருவர், ஒலிக்கு ஒருவர் போதும். நெஞ்சில் காலர் மைக் மாட்டினால் குனியும்போதெல்லாம் உரசும். தலைத்துண்டு மடிப்பில் செருகினால் மூச்சுச் சத்தம் வரை கிடைக்கும். கடற்கரைக் காற்றுக்கு மைக்குக்கு ரோமக் கவசம் கட்டாயம்.

வெள்ளை மணலில் ஆட்டோ எக்ஸ்போஷரை நம்பினால் முகம் கருத்துவிடும். வெளிச்ச அளவை முகத்தில் எடுத்துப் பூட்டுங்கள். மணல் கொஞ்சம் வெளுத்தாலும் பரவாயில்லை.

“இன்னொரு தடவை பிடிங்கண்ணே” என்று கேட்கவே கூடாது. கேமராவுக்காக விட்டுப் பிடிப்பது அவர்களுக்குள்ள பாம்புபிடி உரிமத்துக்குள் வராது. சீண்டப்பட்ட பாம்பிடம் மறுபடி கை நீட்டுகிறவர் அவர், நாமில்லை.

ஜனவரி 14

மாமல்லபுரம் பக்கத்து வடநெம்மேலி. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பின் பாம்புத் தோல் வியாபாரம் நின்றுபோக, விஷம் எடுப்பதற்காக 1978-இல் தொடங்கிய இருளர் கூட்டுறவுச் சங்கம் இது. நல்ல பாம்பு, கட்டு விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என நான்கு வகை. மண்பானையில் மணல் போட்டு, வாயைத் துணியால் கட்டி வைத்திருக்கிறார்கள். சில வாரங்களில் விஷம் எடுத்து, வயிற்றுச் செதிலில் அடையாளம் வெட்டி, காட்டில் விடுகிறார்கள்.

விஷம் எடுக்கும் ட்யூப்லைட் அறையில் நொடிக்கு 25 பிரேமுக்கு ஷட்டர் 1/50, 50 பிரேமுக்கு 1/100. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். 1/60 வைத்தால் படத்தில் பட்டை ஓடலாம். சூடாகும் விளக்கு வேண்டாம், எல்இடி போதும். விஷம் சேரும் கண்ணாடிக் குவளைக்குப் பின்னால் கறுப்புத் துணி, பக்கத்திலிருந்து வெளிச்சம்: விஷத் துளி கண்ணாடியில் வழிவது அப்போதுதான் தெரியும்.

ஜனவரி 22

எடிட்டிங். புற்று வரும் ஷாட்டுகளில் தனிப் பனைமரம், மைல்கல் எதுவும் தெரியக் கூடாது. கோப்பிலிருந்து ஜிபிஎஸ் விவரத்தையும் நீக்க வேண்டும். படம் பார்த்து இடம் தேடி வருகிறவர்களும் உண்டு. ஒப்புதல் படிவத்தை வாசித்துக் காட்டி, அவர்கள் சம்மதத்தைக் குரலாகவே பதிந்துகொள்வது நல்லது. படப்பிடிப்பால் வேலை போன நாளுக்குக் கூலி கொடுத்தே ஆக வேண்டும். முதல் வெட்டை ஊரிலேயே வேட்டித் திரை கட்டிப் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் நீக்கச் சொல்லும் ஷாட்டை நீக்கிய பிறகுதான் கலர் வேலை.