தேன் சீசனில் முடங்கிய கணக்கு

மார்ச் வந்தால் எங்கள் மார்த்தாண்டம் பக்கம் ரப்பர் மரங்களின் இளம் இலைக்காம்பில் தேன் சுரக்கும். பெட்டிகள் நிறைகிற அந்த வாரத்தில்தான், தேன் விற்க நான் வைத்திருந்த சமூக ஊடகக் கணக்கை அந்த நிறுவனத்தார் முடக்கினார்கள். 'போலிக் கணக்கு' என்று ஒரே ஒரு வரி. நான் கடைசியாகப் போட்டிருந்தது, தேன் எடுக்கும் இயந்திரத்தை என் மகன் சுற்றுகிற வீடியோ.

ஆதார் நகல் அனுப்பினேன், முகம் காட்டி வீடியோவும் அனுப்பினேன். 'பரிசீலனையில் உள்ளது' என்ற அதே பதில் 26 நாள் வந்தது. வழக்கமாக வாங்கும் நாகர்கோவில் அம்மா ஒருவர் போனில், "மக்ளே, தேன் யாவாரத்த விட்டுட்டியா?" என்று கேட்டபோது எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

அப்புறம்தான் ஒரு விஷயம் தெரிந்தது. உதவிப் பக்கத்தில் படிவம் நிரப்புவது வேறு, புகார்களைக் கேட்க அந்த நிறுவனம் வைத்திருக்கிற குறைதீர் அதிகாரிக்கு எழுதுவது வேறு. 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி, புகார் கிடைத்ததென்று அவர் 24 மணி நேரத்துக்குள் சொல்லியாக வேண்டும். முடிவு சரியில்லை என்றால் 2023இல் மத்திய அரசு அமைத்த மேல்முறையீட்டுக் குழுவுக்கு 30 நாளுக்குள் ஆன்லைனிலேயே எழுதலாம்.

அதிகாரிக்கு எழுதிய நான்காம் நாள் கணக்கு திரும்பியது. வருத்தம் தெரிவித்து ஒரு வரிகூட இல்லை. அதற்குள் தேனை எல்லாம் மொத்த வியாபாரிக்குக் கொடுத்துவிட்டேன். அந்த அம்மாவுக்கு மட்டும் இரண்டு பாட்டில் எடுத்து வைத்திருக்கிறேன்.